இலக்கின் முன் நின்ற கல்

கடலூரில் நாங்கள் எழுப்பிய கால்பந்து அரங்கத்தின் வரலாற்றையும் வசதிகளையும் கூறும் சிறுநூல் ஒன்று அண்மையில் வெளிவந்துள்ளது. அங்கு நிகழ்ந்த முதல் ஆட்டத்தைப் பற்றி, "இலக்குக் காவலரின் கவனக்குறைவால் நம்மவர் தோற்றனர்" என்று அந்நூல் கூறுகிறது. அவ்வாக்கியம் பொய். அதை முதலில் எழுதியவன் நான். நூலாசிரியர் அறுபதுகளில் வெளியான பழைய விழா மலரிலிருந்து ஓர் எழுத்தும் மாறாமல் எடுத்தாண்டுள்ளார். பொய் இரண்டாம் முறையும் அச்சேறிய பின்னர் வாளாவிருத்தல் முறையன்று. ஆதலின் இதனை எழுதலானேன்.

அரங்கம் எழுந்த முறையை முதலில் கூறுகிறேன். அடிக்கல் நாட்டு விழாவன்று பெருமழை. திடல் முழுவதும் நீர் தேங்க, மேடான ஓரிடம் மட்டும் உலர்ந்திருந்தது. விருந்தினராக வந்த பெரியவரின் காலணி நனையலாகாது என்று பந்தலை அங்கே போட்டு, கல்லையும் அங்கேயே நாட்டினர். பல மாதங்கள் கழித்து ஆடுகளத்தை அளந்தபோது, தென்புற இலக்குக் கம்பங்களுக்கு நேர் முன்னே, பத்தடித் தொலைவில், சற்று இடப்பக்கமாக அக்கல் நின்றது. பெரியவர் தம் கையால் நாட்டிய கல்லைப் பிடுங்குவதா என்று அரங்கக் குழுவினர் அஞ்சினர். களத்தை நகர்த்தவும் வழியில்லை. பார்வையாளர் படிக்கட்டு அதற்குள் கட்டி முடிந்துவிட்டது.

அப்படிக்கட்டு மேற்கு நோக்கியது. மாலை ஆட்டங்களில் பார்வையாளர் கண்டது பெரும்பாலும் கதிரவனைத்தான். வீரர்கள் உடை மாற்ற ஓர் அறை இருந்தது. அதில் விழா நாற்காலிகளை அடுக்கியதால் வீரர்கள் வேலிப்புறம் மாற்றிக்கொண்டனர். குழாய் இருந்தது. 'நவீன வசதிகள்' என்று மலரில் நான் நிரல்படுத்தியபோது, அதில் நீர் வரும் என்று எங்கும் எழுதவில்லை என்பதை என் நேர்மைக்குச் சான்றாகக் கொள்ளலாம்.

கல்லின் உயரத்திற்கும் நானே பொறுப்பு. கல்வெட்டு வாசகத்தைப் பிறமொழிச் சொல் ஒன்றும் விரவாமல் யாத்துத் தருமாறு, தமிழாசிரியனான என்னைக் குழுவினர் கேட்டனர். யாத்தேன், ஒரே வாக்கியமாக. கல் தச்சர் அதைக் கையில் வைத்துக்கொண்டு நெடுநேரம் நின்றார்.

"அய்யா, இது எங்கியாச்சும் முடியுதா? முழங்கால் ஒசரக் கல்லுதான் கொண்டாந்தேன்."

நான் ஓர் அடைமொழியையும் விட்டுக்கொடுக்கவில்லை. கல் இடுப்புயரம் ஆயிற்று.

முதல் ஆட்டம் சிதம்பரத்து அணியுடன் என்று முடிவாயிற்று. எங்கள் இலக்குக் காவலர் முதுநகரில் வலைக்கயிறு விற்ற இளைஞர்; பினாங்கில் தம் தாய்மாமன் கடைக்குச் செல்ல நாகப்பட்டினத்தில் கப்பலேற இருந்தார். சொந்த ஊர்க் களத்தில் அவர் ஆடப்போகும் முதல் ஆட்டமும் கடைசி ஆட்டமும் அதுவே. முந்தைய நாள் அவர் என் வீட்டிற்கு வந்தார்.

"அய்யா, அந்தக் கல்லை ஒரு நாளைக்குப் பேத்து ஓரமா வெச்சிட்டு, மறுநாள் நட்டுக்கலாம். எழுதுனவரு சரின்னா தனக்கு ஒண்ணுமில்லன்னு செயலாளர் சொல்லிட்டாரு."

பெயர்க்கும்போது எழுத்துச் சிதையும் என்றேன்.

"எழுத்து செதஞ்சா வேற வெட்டிக்கலாம் அய்யா."

வைக்கோல் திணித்த சாக்கைக் கல்லுக்குக் கட்டலாம் என்று நான் ஒரு நடுவழி கண்டேன். ஆட்டத்தன்று குழுச் செயலாளர் அச்சாக்கை அவிழ்த்தெறிந்தார். அரிசி ஆலை முதலாளியான அவர் எதற்கும் விடை வைத்திருப்பவர்.

"பெரியவரு வந்து ஒக்காந்திருக்காரு. அவரு பேரு மேல சாக்கைக் கட்டுனா நல்லாவா இருக்கு? பாதி ஆட்டம் அவுங்க பக்கம் கல்லு, பாதி ஆட்டம் நம்ம பக்கம். நியாயந்தான?"

முற்பாதியில் தென்புற இலக்கைச் சிதம்பரத்தார் காத்தனர். எங்கள் ஆட்டக்காரர் அடித்த பந்துகளில் இரண்டைக் கல் தடுத்தது. படிக்கட்டில் ஒருவர், "மச்சான், அவங்களுக்குப் பன்னெண்டு பேருடா" என்றார். பிற்பாதியில் பக்கம் மாறியது. ஆட்டம் முடியும் தறுவாயில் சிதம்பரத்தார் ஒருவர் இடப்புறமிருந்து இலக்கின் வலப்பக்கம் நோக்கிப் பந்தை உதைத்தார். எங்கள் காவலர் சரியாக அங்கே பாய்ந்தார். ஆனால் பந்து வழியிலேயே கல்லின் விளிம்பில் பட்டுத் திரும்பி, அவர் விட்டுவந்த இடப்பக்கம் வழியே உள்ளே புகுந்தது. எல்லாரும் புதுச்சேரியிலிருந்து வந்திருந்த நடுவரைச் சூழ்ந்தனர்.

"கல்லு தெடலோட சேந்தது. நீங்க நட்டதுதான? கோலுதான்" என்றார் அவர்.

வேறு கோல் விழவில்லை.

அன்று மாலையே செயலாளர் என்னிடம் வந்தார். "கல்லுல பட்டுதுன்னு மலர்ல எழுதிடாதீங்க. அவரு பேரால தோத்தோம்னு ஆயிடும்." அவர் அஞ்சியது பெரியவர் பெயருக்காக. நான் இசைந்தது என் வாக்கியத்திற்காக. கல்லைக் குறை கூறினால், அது ஏன் அத்துணை உயரம் என்று எவரேனும் கேட்பர். 'கவனக்குறைவு' என்று எழுதினேன். நல்ல தமிழ்ச் சொல்.

கப்பலுக்குச் செல்லுமுன் காவலர் மலருடன் வந்தார். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"பினாங்குல எங்க மாமா கடைக்கு நம்மூரு ஆளுங்க தெனம் வருவாங்க. இந்தப் பொஸ்தகமும் வந்துடும். அங்க எனக்கு வேற அடையாளம் இல்ல அய்யா, கோல் புடிச்சவன்தான். நீங்க பக்கத்துலதான நின்னீங்க? பாத்தீங்கதான?"

"பார்த்தேன்," என்றேன். "அடுத்த மலரில் திருத்தம் வெளியிடுகிறேன்."

அவர் தலையசைத்துச் சென்றார். அடுத்த மலர் வெளிவரவேயில்லை. அதை யான் முன்னரே ஒருவாறு அறிந்திருந்தேன்.

அத்திருத்தம் இதுவே: காவலர் கவனமாகவே இருந்தார். பந்தைத் திருப்பியது கல். கல்லை அவ்வளவு உயர்த்தியது என் வாக்கியம். அதை அங்கே நிற்கவைத்ததும் என் பிடிவாதம்.

ஆண்டுகள் பல கடந்தமையால் என் நினைவு பிறழ்ந்திருக்கக்கூடும். பந்து பட்டது கல்லின் எவ்விளிம்பு, ஆட்டம் முடிய எத்துணை நேரம் எஞ்சியிருந்தது என்பனவற்றை அன்று படிக்கட்டில் இருந்தவர்கள் திருத்தி எழுதியனுப்ப வேண்டுகிறேன். அவர்கள் கண்ணில் வெயில் அடித்ததென்பதையும் கணக்கில் கொள்வேன். பினாங்கிலிருந்து ஒருவர் திருத்தம் அனுப்புவாராயின், அதை ஓர் எழுத்தும் மாற்றாமல் ஏற்பேன்.