இறுதி ஆட்டத்தன்று ஒரு சாமத்தியவீடு

எனக்குக் கோபம் வந்தால் முதலில் வாய் போகும், பிறகுதான் நான் போவேன். வொலிபோல் விளையாடிய காலம் முழுக்க என்னைக் கெடுத்தது இந்த வாய்தான் என்று அம்மா இன்றைக்கும் சொல்வா. முழங்காலும் கெடுத்தது. ஆனால் முழங்காலைப் பற்றி அம்மா ஒன்றும் கதைப்பதில்லை. அதற்கு அவா பிள்ளையாருக்கு நேர்த்தி வைத்திருந்தவா, அவருடைய குற்றத்தை அவாவால் சொல்ல முடியாது.

பல்கலைக்கழக அணியில் நான் செற்றர். பின்னாலிருந்து வருகிற பந்தை யார் அடிப்பது என்று முடிவெடுத்து, அவளுக்குத் தூக்கிக் கொடுக்கிறவள். கைதட்டல் அடிக்கிறவளுக்குத்தான் விழும். அதில் எனக்கு ஒரு கவலையும் இருந்ததில்லை. யார் கைதட்டல் வாங்குவது என்பதை நான்தானே தீர்மானிக்கிறேன் என்ற திமிர். அந்தத் திமிரோடுதான் இரண்டாம் வருடம் கொழும்பில் ஒரு பயிற்சி முகாமுக்குப் போனேன். அங்கே எல்லாம் சிங்களத்தில். எனக்கு அரைவாசியும் விளங்கவில்லை. மற்றப் பிள்ளைகள் திரும்புகிற பக்கத்தைப் பார்த்து நானும் திரும்பினேன். செற்றர் மற்றவர்களைப் பார்த்துத் திரும்பினால் அந்த ரீம் உருப்படாது. என்னை ஆட்டத்தில் இறக்காமல் வெளியே வாங்கில் இருத்திவிட்டார்கள். இருந்து இருந்து எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. ஒருநாள் தமிழிலேயே நல்ல ஏச்சு ஏசிவிட்டு, பையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறிவிட்டேன். நான் ஏசியது அங்கே ஒருவருக்கும் விளங்கியிருக்காது என்பதுதான் இன்னும் எரிச்சல்.

மூன்றாம் வருடம் பல்கலைக்கழகங்களுக்கிடையிலான இறுதி ஆட்டம். நாங்கள் முன்னுக்கு நின்றோம். வலைக்குப் பக்கத்தில் துள்ளி இறங்கினேன், முழங்காலுக்குள் ஏதோ அறுந்தது. என்னை வெளியே தூக்கிக்கொண்டு போனார்கள், ரீம் தோற்றது. சத்திரசிகிச்சை முடிந்த பிறகும் ஆசை விடவில்லை. கழகங்களுக்கு விளையாடிப் பார்த்தேன். ஒவ்வொரு முறையும் கால் பூசணிக்காய் மாதிரி வீங்கியது. கடைசியில் ஒரு நடுவரோடு சண்டை பிடித்து, விளையாடத் தடையும் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். கிளிநொச்சியில் ஒரு பள்ளிக்கூடத்தில் பயிற்றுநர் வேலை கிடைத்தது. வேறு வேலை வரும்வரைக்கும் செய்வோம் என்றுதான் சேர்ந்தேன்.

ஸ்கந்தபுரத்திலிருந்து சைக்கிளில் வருகிற ஒருத்தி ரீமுக்கு வந்த நாளோடு அந்த நினைப்பு போய்விட்டது. தகப்பனுக்கு வயல். பிள்ளை ஈர்க்கு மாதிரி, ஆனால் விரல்கள் நீளம். முதல் நாளே அவள் பந்தைத் தூக்கிக் கொடுத்த விதத்தைப் பார்த்து, ஒருநாளும் சும்மா கிடக்காத என் வாய் அடைத்துப்போனது. அவளைச் செற்றர் ஆக்கினேன். எல்லாரையும் விட அவளுக்குத்தான் அதிகம் ஏசினேன். அவள் பின்னல் நுனியைக் கடித்துக்கொண்டு நிற்பாள், திருப்பி ஒரு சொல் சொல்ல மாட்டாள். மற்றப் பிள்ளைகள் அவளை “ரீச்சர்ர செல்லம்” என்று பகிடி பண்ணுவார்கள். என் ஏச்சைச் செல்லம் என்று எடுத்த சனம் உலகத்திலேயே அவர்கள்தான்.

போன வருடம் முதன்முறையாக மாகாண இறுதி ஆட்டத்துக்கு வந்தோம். வவுனியாவில் நடக்க இருந்த ஆட்டம், மழை பெய்து மைதானம் வெள்ளமானதால் அடுத்த சனிக்கிழமை காலைக்குத் தள்ளிப்போனது. நல்லதுதான், இன்னும் ஒரு கிழமை பழகலாம் என்று நான் சந்தோசப்பட்டேன். அடுத்தநாள் என் செற்றரின் தாய் முகமெல்லாம் கலங்கிப்போய் கிரவுண்டுக்கு வந்தா. அதே சனிக்கிழமை காலைதான் பிள்ளையின் சாமத்தியவீடு.

பிள்ளை பெரியபிள்ளையானது எனக்குத் தெரியும். தண்ணீர் வார்த்து, வீட்டில் இருக்கவேண்டிய நாள் இருந்துவிட்டு, அவள் பயிற்சிக்குத் திரும்பிவிட்டாள். ஊரைக் கூட்டிச் செய்கிற விழா மட்டும் தாய்மாமனுக்காகக் காத்திருந்தது. அவர் கனடாவிலிருந்து வந்து இறங்கிவிட்டார். ஐயர் நேரம் குறித்துக் கொடுத்தாயிற்று, மண்டபம் எடுத்தாயிற்று, வீடியோக்காரனுக்கும் சொல்லியாயிற்று. தாய் இதையெல்லாம் சொல்லிவிட்டு என்னிடம் மன்னிப்புக் கேட்டா. எனக்கு அந்த மாமனின் கழுத்தைத் திருகவேண்டும் போல இருந்தது.

அன்று பின்னேரமே ஸ்கூட்டியை எடுத்துக்கொண்டு அவர்களுடைய வீட்டுக்குப் போனேன். வழியெல்லாம் அந்த மனுசனைக் கேட்கவேண்டிய கேள்விகளை அடுக்கிக்கொண்டு போனேன். வெளிநாட்டுக் காசு இருந்தால் ஒரு பிள்ளையின் வாழ்க்கையை நிறுத்திவைக்கலாமோ, அது இது என்று பெரிய பட்டியல். அவர் முற்றத்தில் கதிரை போட்டு இருந்தார். எழும்பி, தன் கதிரையையே எனக்குத் தந்தார். நான் சொன்னதையெல்லாம் பொறுமையாகக் கேட்டார். பிறகு சொன்னார்:

“எனக்கு ஒண்டுமில்லை ரீச்சர். அவள் விளையாடப் போறனெண்டால் ஐயரோட கதைச்சு வேற நாளுக்கு மாத்துவம், நான் ரிக்கற்றைப் பிந்திப்போடுறன். பிள்ளையைக் கேளுங்கோ.”

அடுக்கிவைத்த கேள்வியெல்லாம் வீணாகப் போனதில் எனக்குக் கொஞ்சம் ஏமாற்றம்கூட. சரி, வென்றாயிற்று என்று நினைத்து அவளைக் கூப்பிட்டேன். குசினிக்குள்ளிருந்து வந்து கதவு நிலையில் நின்றாள். மாமா நாளை மாற்றச் சம்மதித்துவிட்டார், இனிச் சனிக்கிழமை வரலாம்தானே என்று கேட்டேன்.

“எனக்கு அண்டைக்குச் சாறி கட்ட விருப்பம் ரீச்சர்” என்றாள்.

தாய் அவளை அதட்டினா. அவள் நிறுத்தவில்லை. தோழிகள் எல்லாரும் அந்த நாளுக்குத்தான் உடுப்புத் தைத்திருக்கிறார்களாம், தானே தெரிந்தெடுத்த சாறியாம், மூன்று மாதமாக அதைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறாளாம்.

“மட்ச் அடுத்த வருசமும் வரும்தானே. வாறியோ எண்டு நீங்கள் என்னை ஒருநாளும் கேக்கேல்லை. அந்தக் கப் உங்களுக்குத்தான் வேணும் ரீச்சர்.”

அட கோதாரி. அடுத்த வருடமும் வரும் என்று எந்த மடைச்சி உனக்குச் சொன்னது, எனக்கு வந்ததா என்று கத்த வாயைத் திறந்தேன். முழங்கால் அறுந்த கதை முழுக்க நாக்கு நுனிவரைக்கும் வந்துவிட்டது. அவள் பின்னலைக் கடிக்காமல் என்னை நேரே பார்த்துக்கொண்டு நின்றாள். இவ்வளவு காலத்தில் அவள் எனக்குத் திருப்பிச் சொன்ன முதல் கதை அது. அந்தக் கதையில் பிழை எதுவும் இருக்கவில்லை. எனக்குத்தான் அந்தக் கப் வேண்டும், அதை நினைத்து நான் நித்திரை கொண்டே நாளாகியிருந்தது. “சரி, கட்டு” என்றேன். தாய் தந்த தேத்தண்ணியைக் குடித்துவிட்டு வெளிக்கிட்டேன். வரும் வழியில் ஸ்கூட்டியை ஒரு வாய்க்கால் கரையில் நிறுத்திவிட்டு நன்றாக அழுதேன்.

சனிக்கிழமை அவளுடைய இடத்தில் ஒரு குட்டையான பிள்ளையை இறக்கினேன். முதல் செற்றில் அந்தப் பிள்ளை தூக்கிய பந்து கண்ட கண்ட பக்கம் போனது. நானும் வழக்கம்போலக் கத்தினேன், பலனில்லை. இரண்டாம் செற்றுக்கு முன்னால் அவளைக் கூப்பிட்டு, உனக்கு ஆரில நம்பிக்கையோ அவளுக்கே குடு என்று மட்டும் சொல்லிவிட்டு வாங்கில் போய் இருந்தேன். அந்தச் செற்றை வென்றார்கள். மூன்றாவதில் கிட்ட வந்து தோற்றோம்.

வவுனியாவிலிருந்து வாடகை வானில் திரும்பி வரும்போது பிள்ளைகள் சாமத்தியவீட்டுக்குப் போகவேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றார்கள். ஒருத்தியிடமும் மாற்றுடுப்பு இல்லை. வேர்வை மணக்க, ஜேர்சியோடு மண்டபத்துக்குள் போனோம். சாப்பாடு முடிந்து சனம் கலைந்துகொண்டிருந்தது. அவள் மேடையில், மாம்பழ நிறச் சாறியும் தலை நிறையப் பூவுமாக இருந்தாள். உண்மையைச் சொன்னால் எனக்கே அடையாளம் தெரியவில்லை. எங்களைக் கண்டதும் வீடியோக்காரனைத் தள்ளிக்கொண்டு எழும்பி வந்தாள். பிள்ளைகளின் முகத்தைப் பார்த்தே விளங்கிக்கொண்டாள்.

“நான் நிண்டிருந்தால் வெண்டிருப்பமோ ரீச்சர்?”

பொய் சொல்லலாம் என்று ஒரு கணம் யோசித்தேன். அவள் என்னிடம் பொய் சொல்லவில்லையே.

“ஓம்” என்றேன். “வெண்டிருப்பம்.” பிறகு, “சாறி நல்ல வடிவாயிருக்கு” என்றும் சொன்னேன். அதுவும் மெய்தான்.

அவள் தலையைக் குனிந்துகொண்டு அழத் தொடங்கினாள். கண்மை கரைந்து ஓடியது. தாய் ஓடிவந்தா, மாமன் என்னை முறைத்தார், வீடியோக்காரன் சலித்துக்கொண்டான். தோற்ற ரீமின் செற்றர் அழுகிற அழுகை அது, எனக்குத் தெரியும். அழாதை என்று நான் சொல்லவில்லை. தாயிடம் கொஞ்சம் பொறுங்கோ என்று சொல்லிவிட்டு, அவள் அழுது முடியும்வரைக்கும் பக்கத்தில் நின்றேன்.