கல் கிடந்தால் ஆள் இருக்கு

செவ்வாய்க்கிழமை காலை நகராட்சி அலுவலகத்தில் மனுக்களுக்கு முத்திரை குத்திக்கொண்டிருந்தேன். குரங்கணியிலிருந்து வந்த ஜீப்பு டிரைவர் வாசலில் நின்று, "அண்ணே, சுருளிவேல் ஐயா போயிட்டாரு. மக வீட்லதான். காப்பி குடிக்க எழுப்பியிருக்காக, எந்திரிக்கல" என்றார். அப்படியா என்றேன். மீதி மனுக்களுக்கும் முத்திரை குத்திவிட்டுத்தான் எழுந்தேன். அழுகை வரவில்லை. நான்காம் நாளான இன்றும் வரவில்லை. என்ன மனுசனோ நான்.

அறியாதவர்களுக்காகச் சொல்கிறேன். போடியில் ரோட்டோரம் யார் எங்கே கடை போடலாம் என்று பார்ப்பது சுருளிவேல் அவர்களின் வேலை. போன வருடம் ஓய்வு பெற்ற பிறகும் தினமும் காலையில் ஜீப்பு ஸ்டாண்டுப் புளியமரத்தடியில் வந்து நிற்பார். எனக்கு உறவு ஒன்றும் கிடையாது. எழுபதுகளின் நடுவில் நான் வேலையில் சேர்ந்த அன்றே "வா மாப்ளே" என்றார். நானும் மாமா என்றே கூப்பிட்டேன்.

ஒரு வாரம் காலியாகக் கிடக்கும் இடத்தை அடுத்த மனுதாரருக்குக் கொடுக்க வேண்டும் என்பது விதி. ஆனால் ஏலக்காய் எடுப்பு வந்துவிட்டால் வியாபாரப் பெண்களில் பாதிப்பேர் மலையேறிவிடுவார்கள். போகும்போது தங்கள் இடத்தில் ஒரு கல்லை வைத்துவிட்டுப் போவார்கள். அந்த இடத்தில் வேறு யாரும் உட்கார மாட்டார்கள். மாமாவும் பார்த்துவிட்டு, ஆள் இருக்கிறார் என்று எழுதிக்கொள்வார். "பொய்தானே மாமா?" என்று கேட்டேன். "கல்லு கெடந்தா ஆளு இருக்குடா. நீ போய் உன் சோலியப் பாரு" என்றார்.

பார்த்தேனே, என் சோலியை! மாமா ஒரு சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்காக ராசிங்காபுரம் போயிருந்தபோது, மேலதிகாரி பார்வையிட வருகிறார் என்று தகவல் வந்தது. ரோடு சுத்தமாக இருக்கட்டும் என்று, கிடந்த கற்களையெல்லாம் குப்பை டிராக்டரில் ஏற்றி அனுப்பிவிட்டேன். பெருமை வேறு.

மாமா வந்து பார்த்தார். சத்தம் போடவில்லை. "கல்லையா அள்ளுன? ஆளுகளையில்ல அள்ளிட்ட" என்றார். குப்பைமேட்டுக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போனார். இது பூக்காரி கல், இது வளையல்காரி கல் என்று ஒவ்வொன்றாகப் பொறுக்கினார். பேச்சியுடையது மட்டும் கிடைக்கவில்லை. அது பாதி உடைந்த ஓர் அம்மிக் குழவி. மலைக்குப் போகும் கூலியாட்களுக்கு அவித்த கிழங்கு விற்பவர் பேச்சி. புருசன் இல்லை. ஜீப்பு ஸ்டாண்டு ஓரத்து அந்த இடம் போனால் பிழைப்பே போய்விடும். அதற்குள் அந்த இடம் கேட்டு ஒருவர் மனுவும் கொடுத்துவிட்டார்.

வேறொரு கல்லைப் போட்டுவிடலாம் என்றேன். "அது யாரு கல்லுன்னு ஊருக்குத் தெரியும்டா, மடையா" என்றார். சாக்கை விரித்து அவரே பேச்சியின் இடத்தில் உட்கார்ந்துவிட்டார். மூன்று நாள் பதிவேடு, பேனா, கையெழுத்து எல்லாம் அங்கேதான். பார்வையிட வந்த அதிகாரி, "இங்கே என்னய்யா செய்றீர்?" என்று கேட்டார். "பேச்சி இடம்ங்க. காயெடுக்கப் போயிருக்கு, வந்துரும்" என்றார் மாமா. அடுத்த நாளே மெமோ வந்தது. அவருக்குத்தான், எனக்கல்ல. கல்லை அள்ளியது யார் என்று அவர் கடைசிவரை வாய் திறக்கவில்லை. நானும் திறக்கவில்லை. அதை இன்றுதான் எழுதுகிறேன்.

போடிமெட்டு ஜீப்பிலிருந்து பேச்சி இறங்கியபோது, மாமா வேட்டியைத் தட்டிக்கொண்டு எழுந்தார். "வா ஆத்தா. உன் கல்லு தொலைஞ்சு போச்சு. அதான் நான் கெடந்தேன்." பேச்சி, "நல்லாருக்கு போங்கண்ணே" என்று சிரித்துவிட்டு, தலைச்சுமையை இறக்கினார்.

புதன்கிழமை எரித்துவிட்டு வந்தோம். மாமாவின் வேலை இப்போது என்னுடையது. நேற்றுக் காலை ஜீப்பு ஸ்டாண்டில் பெருக்குகிற சின்னச்சாமி என்னைக் கூப்பிட்டார். "சார், புளியமரத்தடியில ஒரு கல்லு கெடக்கு. அங்க யாரு கடையும் இல்லையே. அள்ளிரவா?"

மாமா நிற்கும் இடம். எதிரே கிழங்குக் கூடையோடு பேச்சி உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"வேணாம், விடு" என்றேன். "ஆள் இருக்கு."

போய் வாருங்கள் மாமா. பதிவேட்டிலும் அப்படியேதான் எழுதியிருக்கிறேன்.