ராணி வேடக்காரி வசந்தா

வசந்தா இறந்த செய்தியை டிவியில்தான் பார்த்தேன். 'நகைச்சுவை நடிகை காலமானார்' என்று கீழே எழுத்து ஓடியது. மேலே, அவர் தலையில் சாணித் தண்ணீர் கொட்டும் காட்சியைத் திரும்பத் திரும்பக் காட்டினார்கள். பின்னணியில் சிரிப்புச் சத்தம் வேறு. டிவியை அணைத்தேன்.

மன்னார்குடி நாடகக் குழுவில் பதினெட்டு ஆண்டுகள் அவருடன் நடித்தவன் நான். எங்களோடு மேடையேறியவர்களுக்கு நினைவிருக்கும்: திருவாரூரில், ராணி தன் மகனையே சிறைக்கு அனுப்பும் கட்டத்தில் மைக் செத்துப்போனது. வசந்தா குரலை உயர்த்தவில்லை, தணித்தார். கூட்டத்தில் கடலை விற்றவர்கூட அப்படியே நின்றுவிட்டார். "கத்துனா காத மூடிக்குவாங்க. மெல்லப் பேசுனாதான் கிட்ட வருவாங்க" என்றார் பிறகு.

அப்படிப்பட்டவரைத்தான் சினிமா வேலைக்காரி வேடத்துக்குக் கூப்பிட்டது. கும்பகோணம் பக்கம் படப்பிடிப்பு. துணைக்கு நானும் போயிருந்தேன். சாயம் கலந்த தண்ணீர் என்று சொல்லிவிட்டு நிஜச் சாணத்தைக் கரைத்து ஊற்றினார்கள். ஐந்து முறை.

"சார், இந்தப் பொம்பள திருப்பி ஒரு வார்த்தை கேக்க மாட்டாளா?" என்றார் வசந்தா, முகத்தை வழித்துக்கொண்டே.

"கேட்டா சிரிப்பு வராதும்மா" என்றார் இயக்குநர். சுற்றி நின்ற எல்லோரும் சிரித்தார்கள்.

படம் ஓடியது. கூத்தாநல்லூரில் ஒரு பாராட்டு விழா. தொகுப்பாளர் வாளியோடு வந்து, "அந்த சீனைச் செஞ்சு காட்டுங்கம்மா" என்றார். வசந்தா வாளியை வாங்கி ஓரமாக வைத்தார். "எனக்கு நடிக்கத் தெரியும் தம்பி. அத வேணும்னா பாருங்க" என்று ராணியின் வசனத்தைத் தொடங்கினார். பாதிக் கூட்டம் எழுந்து போனது. அவர் கடைசி வரி வரைக்கும் பேசிவிட்டுத்தான் இறங்கினார். அதற்குப் பிறகு எந்தப் படத்துக்கும் அவர் போகவில்லை.

இறுதிச் சடங்கன்று நீடாமங்கலத்தில் அவர் வீட்டு வாசலுக்கு அதே இயக்குநர் மாலையோடு வந்தார். கேமராக்களைப் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நம்மளையெல்லாம் சிரிக்க வச்சவங்க" என்றார். வசந்தாவின் மகள் செல்வி குறுக்கே வந்து நின்றாள்.

"அன்னைக்கு ஷூட்டிங் முடிஞ்சு வீட்டுக்கு வந்து எங்கம்மா மூணு நாள் சோறு திங்கல சார். மாலைய வச்சிட்டுக் கெளம்புங்க."

அவர் போனதும் என் பக்கம் திரும்பினாள். "மாமா, நீங்களும் அங்கதானே இருந்தீங்க? என்ன பண்ணீங்க?"

"சிரிச்சேன்" என்றேன். அடுத்த படத்தில் எனக்கும் ஒரு வேடம் கிடைக்கும் என்ற நப்பாசையில் சிரித்த சிரிப்பு அது. இன்று நினைத்தாலும் என்மீதே அருவருப்பாக இருக்கிறது.

அந்தக் கேள்வியை வசந்தா என்னிடம் ஒருநாளும் கேட்டதில்லை. கேட்காமலே போய்விட்டார். அவரிடமிருந்து என்னிடம் தங்கியிருப்பது அவர் கேட்காத அந்தக் கேள்விதான்.