திருப்பிக் கொடுத்த கோப்பை

தொண்ணூறுகளின் நடுவில், ஜேர்மனியின் வுப்பர்டால் நகர அகதி முகாமில், மொல்டோவாவிலிருந்து வந்த ஒரு பெண் எங்கள் அடுத்த அறையில் இருந்தார். ஐம்பது வயதிருக்கும். தலையில் எப்போதும் கறுப்புத் துணி. சமையலறையில் யாரைக் கண்டாலும் தின்ன எதையாவது நீட்டுவார்.

ஒரு சனிக்கிழமை காலை, புதுக் கோப்பை நிறையத் திராட்சைச் சாறும், மெழுகுதிரி குத்திய ரொட்டியும் கொண்டுவந்து தந்தார். பிறந்தநாளாக்கும் என்று நினைத்து வாழ்த்திவிட்டேன். அவர் தன் அறைக்குப் போய்விட்டார்.

"கோப்பையை வெறுமையாத் திருப்பிக் குடுக்காதேங்கோ, சீனி போட்டுக் குடுங்கோ" என்றாள் மனைவி.

அப்படியே கொண்டுபோய் நீட்டினேன். அவர் கைகளை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார். அரைகுறை ஜேர்மனில் விளக்கினார்: மகன் சண்டையில் செத்துவிட்டான். அவர்கள் ஊர்க் கதைகளில், இங்கே ஒருவருக்குக் கொடுத்த கோப்பையில்தான் இறந்தவர் அங்கே குடிப்பாராம்.

"நீ திருப்பித் தந்தால் அவன் எதில் குடிப்பான்?"

கோப்பையோடு திரும்பி வந்தேன். அடுத்த மாதம் அவரை நாட்டுக்குத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

அந்தக் கோப்பையைக் கழுவ இன்றுவரை நான் வேறு யாரையும் விடுவதில்லை. கை தவறினால், முகம்கூடத் தெரியாத ஒருவன் எங்கோ தாகத்தோடு நிற்பான்.