படாத அடிகள்

பேத்தி நகச்சாயம் பூசினால் போதும், அந்த வாடையில் நாங்கள் திருவிதாங்கூர்க்காரர்களாய் இருந்த காலத்து மண்டைக்காட்டுக் கோயில் கொடைவிழாவும், அங்கே போடும் ஓலைச் சினிமாக் கொட்டகையும், அறுந்த பிலிமை ஒட்டும் பசை மணக்கும் ஆபரேட்டர் அப்பாவின் விரல்களும் வந்துவிடும்.

திரையில் கம்புச்சண்டை ஓடும்போதெல்லாம் முன்மணலில் இருக்கும் சிலம்ப ஆசான், "அடி படல்லியேலே, அவன் எதுக்கு விழுதான்?" என்று சத்தம் போடுவார், அவர் எழுந்து போனால் பாதிக் கூட்டமும் கூடவே போய்விடும். பொறுக்கமாட்டாமல் ஒருநாள் அப்பா, கம்பு காற்றில் போகும் பிலிம் துண்டுகளை மட்டும் கத்தரித்துவிட்டு மிச்சத்தை ஒட்டினார். மறுநாள் ஆசான் துள்ளி எழுந்தார்: "இப்பம் பட்டுது மக்கா!"

பிற்பாடு சண்டைப் படங்களுக்கு எடிட்டராகவே நான் காலம் தள்ளியதற்கு அந்தச் சத்தம்தான் காரணம். அது கேட்டபோது, கதாநாயகன் வீசித் தவறிய அடிகளெல்லாம் என் பாவாடை மடியில் கிடந்தன.