நாற்காலிப் பெட்டிக்குள் இருந்த கடிதம்

கும்மிடிப்பூண்டியில் கம்பி உருட்டும் ஆலை ஒன்றில் எலக்ட்ரீஷியனுக்கு உதவியாளாக இருந்தேன். ஐ.டி.ஐ. எல்லாம் படிக்கவில்லை. பக்கத்தில் நின்று பார்த்துப் பார்த்துக் கற்றதுதான். எங்கள் ஷிப்ட் இன்சார்ஜ், "இவன் கையில ஒயரக் குடுத்தா கருங்கல்லுக்கும் கரண்டு குடுத்துடுவான்யா" என்பார். மெச்சிச் சொன்னாரா, பயந்து சொன்னாரா தெரியாது. மெச்சியதாகவே எடுத்துக்கொண்டு, திருவள்ளூர் பக்கம் நான் குடியிருந்த மணவாள நகர் முழுக்க அதைச் சொல்லிக்கொண்டு திரிந்தேன். மிக்ஸி ஓடவில்லையா, டி.வி.யில் படம் தெரியவில்லையா, தெருவில் என்னைத்தான் கூப்பிட்டார்கள்.

எங்கள் தெருமுனையில் பாய் ஒருவர் வீட்டு முன்னறையில் வீடியோ கேம் கடை வைத்திருந்தார். பழைய டி.வி. ஒன்று, பழைய கேம் பெட்டி ஒன்று. வேறு கடைகளில் புதுப் பெட்டி வந்து வருஷமாகியும் அவர் அதையே துடைத்துத் துடைத்து ஓட்டிக்கொண்டிருந்தார். "நம்ம பொட்டி நம்மளாட்டம், கொஞ்சம் லேட்டா கெளம்பும், ஆனா கெளம்பிடும்" என்பார். பேச்சுக்காகவே அவர் கடையில் போய் உட்காருவேன்.

அவருடைய மனைவிக்குப் பழவேற்காடு. அந்த அக்காவுக்கு ஒரே தம்பி, சவூதியில் தம்மாமில் கார் ஓட்டினார். அவருடைய கல்யாணப் பத்திரிகையில் பாய் பெயர் விட்டுப்போனது. அச்சடித்தவர் விட்டாரா, வீட்டில் விட்டார்களா என்று எவருக்கும் தெரியாது. பாய் கல்யாணத்துக்குப் போகவில்லை. அதோடு மச்சான்கள் இருவருக்கும் பேச்சு நின்றது. ஐந்து வருஷம். நடுவில் அக்கா கிடந்து அல்லாடினார். தம்பியிடமிருந்து போன் வந்தால் அடுப்படிக்குப் போய்க் குரலைத் தாழ்த்தித்தான் பேசுவார்.

அப்படி இருக்கும்போதுதான் சவூதியிலிருந்து கார்கோவில் ஒரு பெரிய பெட்டி வந்தது. மேலே இருந்த படத்தைப் பார்த்தால், உள்ளே ஒரு நாற்காலி. கால் கிடையாது, தரையில் வைத்து ஆடிக்கொண்டே விளையாடுவது. தலை சாயும் இடத்தில் இரண்டு ஸ்பீக்கர். முதுகில் ஒன்று, விளையாட்டில் வண்டி மோதினால் அது முதுகில் இடிக்குமாம். தம்பி வேலை செய்த வீட்டில் வேண்டாம் என்று ஒதுக்கியதை, மச்சானுக்கு ஆகும் என்று கேட்டு வாங்கி அனுப்பியிருந்தார்.

பாய் பெட்டியைப் பிரிக்காமலேயே இரண்டு நாள் சுற்றிச் சுற்றி வந்தார்.

"அஞ்சு வருஷம் கழிச்சி அவனாத்தான் அனுப்சிகிறான் நைனா. நீயே வந்து மாட்டிக் குடு. மாட்டி ஓடிச்சின்னா நானே போன் போட்டுப் பேசிடறேன்" என்றார்.

அக்கா கதவோரம் நின்றார். என்னைப் பார்த்த பார்வையிலேயே தெரிந்தது, நான் மாட்டப்போவது நாற்காலியை மட்டும் அல்ல என்று.

வெள்ளிக்கிழமை எனக்கு வார லீவு. பாய் ஜும்மாவுக்குக் கிளம்பிக்கொண்டே, "நான் தொழுதுட்டு வரதுக்குள்ள ரெடி பண்ணி வெய்யி" என்று சொல்லிவிட்டுப் போனார். அக்கா உள்ளே சமையலில் இருந்தார். முன்னறையில் நான் மட்டும்.

பெட்டியைக் கிழித்தேன். நாற்காலி, ஒரு மெல்லிய ஒயர், கரண்டுக்கான அடாப்டர். அடாப்டரைச் சுற்றி ஒரு தாள் மடித்து ரப்பர் பேண்ட் போட்டிருந்தது. கம்பெனிக் காகிதம் என்று நினைத்து உருவி ஓரமாகப் போட்டேன். படிக்கிற பழக்கம் எனக்கு இல்லை. சாமானோடு வருகிற தாளைப் படிப்பவன் வேலை தெரியாதவன் என்பது அன்றைக்கு என் எண்ணம்.

சத்தத்தை மாட்டுவதுதான் கஷ்டம் என்று நினைத்திருந்தேன். கேம் பெட்டியிலிருந்து மூன்று ஒயர் வரும்: மஞ்சள் படத்துக்கு, சிவப்பும் வெள்ளையும் சத்தத்துக்கு. நாற்காலி ஒயரின் முனையிலோ ரேடியோவில் இயர்போன் மாட்டுகிற மாதிரி ஒற்றைப் பின். இரண்டும் சேராது. பெட்டி மேல் இருந்த படத்தில் அதைப் பார்த்துவிட்டு, முந்தின நாளே ஆலையில் ஓய்வு நேரத்தில் ஒரு இணைப்பு ஒயர் பற்றவைத்துக் கொண்டுவந்திருந்தேன். ஒரு பக்கம் சிவப்பும் வெள்ளையும் நுழைய இரண்டு ஓட்டை, மறு பக்கம் ஒற்றைப் பின் நுழைய ஒன்று. மஞ்சளை டி.வி.யில் விட்டுவிட்டு மற்ற இரண்டையும் பிடுங்கி அதில் சொருகினேன். கச்சிதமாக உட்கார்ந்தது. அந்த வேலையை இன்றைக்கும் குறை சொல்ல முடியாது.

அடாப்டருக்குத் தட்டையான இரண்டு பின். நம் பிளக்கில் நுழையவில்லை. அதற்கெல்லாம் எங்கள் ஆலையில் யாரும் கடைக்கு ஓட மாட்டோம். ஒரு துண்டு ஒயரை எடுத்து, ஒரு முனையைத் தட்டைப் பின்களில் முறுக்கி டேப் சுற்றினேன். மறு முனையின் செம்புக் கம்பிகளைப் பிளக் ஓட்டையில் விட்டுத் தீக்குச்சி வைத்து இறுக்கினேன். அந்தத் தட்டைப் பின் ஏன் நுழையவில்லை என்று ஒரு நிமிஷம் யோசித்திருக்கலாம். யோசிக்கவில்லை.

பாய் வந்தார். தொப்பியைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் சாய்ந்தார். அக்கா கையைத் துடைத்துக்கொண்டு வந்து நின்றார். ஸ்விட்சைப் போட்டேன்.

கார் உறுமியது. பாய் காதருகில் உறுமியது. வண்டி சுவரில் மோதியதும் முதுகில் ஒரு இடி.

"யப்பா! இன்னாடா இது, பஸ்சு மேல ஏறிக்கினு போற மாதிரி கீது!" என்று சின்னப் பிள்ளை மாதிரி சிரித்தார். "ஏம்மா, ஒன் தம்பி படா ஆளுதான். வா, வந்து குந்து பாரு."

அக்கா முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்.

அந்தச் சிரிப்பு ஒரு நிமிஷம் இருந்திருக்கும். பிறகு ஒரு வாடை. பாயின் முதுகுக்கு அடியிலிருந்து புகை. அவர் துள்ளி எழுந்தார். நான் ஒயரைப் பிடுங்கினேன். அடாப்டர் தொடமுடியாமல் கொதித்தது. கேம் பெட்டியின் ஒயரைத் திரும்ப டி.வி.க்கே மாட்டிப் பார்த்தேன். படம் ஓடியது, சத்தம் வரவில்லை. நாற்காலி போனதோடு பழைய பெட்டியின் குரலையும் சேர்த்து வாங்கிக்கொண்டு போயிருந்தது.

"இன்னா நைனா ஆச்சு?"

இந்தக் கேள்விக்கு எனக்குத் தெரியவில்லை என்றே சொல்லியிருக்கலாம். அந்த நொடியில் அதுதான் உண்மை. ஆனால் கருங்கல்லுக்குக் கரண்டு கொடுப்பவன் தெரியவில்லை என்று எப்படிச் சொல்வான்?

"சரக்கு மட்டம் பாய்" என்றேன். "உள்ள எல்லாம் ஏற்கெனவே போன சரக்கு."

பாய் தொப்பியைக் கழற்றி மடித்தார். "அப்பிடியா. குப்பைல போடறத எனக்குக் கட்டி அனுப்சிகிறானா." அக்காவிடம் திரும்பவில்லை. "பத்திரிகைல பேரு போடாதவன் வேற இன்னா அனுப்புவான்."

அக்கா உள்ளே போய்விட்டார்.

பாயும் வாசலுக்குப் போனார். நான் குப்பையைக் கூட்டும்போது அந்தத் தாள் கையில் வந்தது. விரித்தேன். பால்பாயிண்டில், தமிழில், குண்டுகுண்டாக எழுதியிருந்தது.

"மச்சானுக்கு ஸலாம். இது இங்குள்ள நூற்றுப்பத்து வோல்ட்டு. நம்மூர் கரண்டில் நேராகப் போடாதீங்க, எரிந்துவிடும். வோல்ட்டைக் குறைக்கும் பெட்டி ஒன்று வாங்கி அதில் போடச் சொல்லுங்க. பத்திரிகை விஷயத்தில் தப்பு என்னுடையது. நான்தான் சரிபார்த்து அச்சுக்குக் கொடுத்தேன். நேரில் சொல்ல வாய் வரவில்லை. மன்னிச்சுக்குங்க."

வாசலில் பாய் முதுகு தெரிந்தது. நாலு எட்டு வைத்தால் போதும். எடுத்துக்கொண்டு போய்க் கொடுத்திருந்தால் என் பெயர் கெட்டிருக்கும், அவர்கள் உறவு பிழைத்திருக்கும். நான் தாளை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்தேன். மறுநாள் கம்பெனி பஸ்சில் பெரியபாளையம் தாண்டியதும் துண்டுதுண்டாகக் கிழித்து ஜன்னல் வழியே விட்டேன். பக்கத்து சீட்டுக்காரர், "இன்னாபா, லவ் லெட்டரா?" என்று கேட்டார். ஆமாம் என்று சிரித்தேன்.

அந்த வாரம் சவூதியிலிருந்து போன் வந்தபோது அக்காவுக்கு அழுகைதான் வந்தது. பாய் போனை வாங்கிக் கட் பண்ணிவிட்டார். அதன்பின் போனும் வரவில்லை. சத்தமில்லாத கேமை ஆட யார் வருவார்கள்? பாய் பெட்டியைத் திருவள்ளூரில் ரிப்பேருக்குக் கொடுத்தார். நான் அந்தப் பக்கம் போவதைக் குறைத்துக்கொண்டேன். ஷிப்ட் மாறிவிட்டது என்று சொன்னேன். அதுவும் பொய்.

பத்து மாதம் கழித்து, ஷிப்ட் விட்டு ஆலை கேட்டுக்கு வெளியே வந்தேன். ஒருவர் என்னை விசாரித்துக்கொண்டு நின்றார். அக்காவின் முகம் அப்படியே. சொல்லாமலே தெரிந்தது, தம்பி.

"அண்ணே, நீங்கதான சேரு மாட்டுனது? அக்கா ஊருக்கு வந்தப்ப சொல்லிச்சு. மச்சான் ஊட்டுக்குப் போறதுக்கு முந்தி ஒங்கள ஒரு வார்த்த கேட்டுடலாம்னு வந்தேன். அடாப்டர சுத்தி ஒரு சீட்டு வெச்சேன். இருந்திச்சா?"

கிழித்ததைக் கையே மறக்கவில்லை, வாய் மட்டும் எப்படி மறந்தது?

"சீட்டு ஒண்ணும் இல்லீங்களே" என்றேன்.

அவர் என்னைச் சந்தேகப்படவில்லை. தன்னைத்தான் சந்தேகப்பட்டார். தலையைச் சொறிந்துகொண்டு, "அப்ப எழுதி டேபிள் மேலயே வெச்சிட்டு பொட்டிய ஒட்டிகிறேன் போல. கேணப்பய நான். ஒங்களுக்கும் பேஜாரு குடுத்துட்டேன், மனசுல வெச்சிக்காதீங்கண்ணே" என்று என் கையைப் பிடித்தார். நான் அந்தக் கையைக் குலுக்கினேன்.

அன்றைக்கே அவர் போய் எல்லாத் தப்பையும், செய்ததையும் செய்யாததையும், தன் தலையில் போட்டுக்கொண்டு மச்சானிடம் மன்னிப்புக் கேட்டிருக்கிறார். பாய் அழுதாராம்.

அடுத்த வெள்ளிக்கிழமை விருந்து. பாயே வந்து என்னை வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார். வழியெல்லாம், உண்மையைச் சொல்லிவிடலாம் என்று நான்கு தடவை வாயைத் திறந்தேன். நான்கு தடவையும் அவர் சந்தோஷமாக வேறு ஏதோ சொன்னார். நான் நிறுத்திக்கொண்டேன்.

அவர்கள் வழக்கப்படி ஒரே பெரிய தட்டில் சோறு. பாய், தம்பி, நான் மூவரும் சுற்றி உட்கார்ந்தோம். தம்பி, தான் கடிதத்தை எழுதிவிட்டுப் பெட்டிக்குள் வைக்க மறந்த கதையை அக்காவுக்கு நடித்துக் காட்டினார். டேபிளைக் காட்டினார், பெட்டியை ஒட்டுவதைக் காட்டினார்.

"இவனுக்கு சின்ன வயசுலேர்ந்தே மறதிதான்" என்று அக்கா சிரித்தார். ஐந்தாறு வருஷத்துக்குப் பிறகு வாயை மூடாத சிரிப்பு.

பாய் என் தொடையில் தட்டினார். "நைனா சொன்னப்பவே நான் இவனுக்குப் போன் போட்டுக் கேட்ருக்கணும். சரக்கு மட்டம்னு சொன்னியே, வேற இன்னாவா இருக்கும்னு யோசிச்சனா?"

எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

தம்பி தட்டில் தேடி நல்ல கறித்துண்டாக ஒன்றை எடுத்து என் பக்கம் தள்ளினார். "சாப்டுங்கண்ணே, வெக்கப்படாதீங்க" என்றார். நான் சாப்பிட்டேன்.