சித்தப்பா ஊதிய குழல்

மாஞ்சோலை பஸ்ஸில் சித்தப்பா கண்டக்டராக இருந்தபோது, கடைசி சீட்டில் யாரோ துண்டில் சுற்றி விட்டுப்போன ஒரு குழலை வீட்டுக்கு எடுத்துவந்தார். பத்து நாளாக ஏறுகிறவர் இறங்குகிறவர் எல்லாரிடமும் கேட்டுப் பார்த்தும் யாரும் தன்னுடையது என்று சொல்லவில்லையாம். முழ நீளம்கூட இல்லாத குழல். மூங்கிலுமில்லை, பித்தளையுமில்லை. கருப்பாக, சித்திரை வெயிலிலும் ஆற்றுக்கல்லைப் போலக் குளிர்ந்து கிடந்தது. சித்தப்பாவுக்குச் சங்கீதம் தெரியாது. அதுவரை அவர் ஊதியதெல்லாம் கண்டக்டர் விசில்தான்.

சேரன்மகாதேவியில் எங்கள் வீட்டில் அந்த வருஷம் யாரும் சத்தமாகப் பேசுவதில்லை. மாசியில் சித்திக்கு ஆண்பிள்ளை பிறந்து, ஒன்பதாம் நாளே ஆஸ்பத்திரியில் இறந்துவிட்டது. ஒன்பது வயதுப் பெண்ணான என்னிடம் அதை எப்படிச் சொல்வது என்று, பாப்பா இன்னும் ஆஸ்பத்திரியில்தான் இருக்கிறான் என்று சொல்லி வைத்திருந்தார்கள். நானும் நம்பினேன். சித்தி பின்கட்டு அறையில் சுவரைப் பார்த்துப் படுத்தவள், இரண்டு மாதமாக எழுந்திருக்கவில்லை. அம்மா ஊட்டினால் இரண்டு வாய் வாங்குவாள். தூங்குவதேயில்லை.

ஒரு மத்தியானம், சாப்பிட்டு முடித்த சித்தப்பா முற்றத்தில் உட்கார்ந்து, சும்மா அந்தக் குழலை வாயில் வைத்தார். நான் அப்போதுதான் வாங்கிய குச்சி ஐஸோடு தூணில் சாய்ந்திருந்தேன். அந்தச் சத்தத்தை இன்றுவரை எதனோடும் ஒப்பிட முடியவில்லை. காதில் கேட்டது என்பதைவிட, நெஞ்சுக்குள் யாரோ மெல்ல மூச்சு விட்டதுபோல இருந்தது. கண் சொக்கியது.

கனவில் ஆற்றுப் படித்துறை. சித்தி மடியில் ஒரு குழந்தை காலை உதைத்துக்கொண்டு கிடந்தான். மழை பெய்து ஓய்ந்தது, அறுவடை முடிந்தது, அவன் குப்புற விழுந்தான், தவழ்ந்தான், என் பாவாடையைப் பிடித்து எழுந்து நின்றான். ஒரு முழு வருஷம். கண் விழித்தால் கையில் ஐஸ் அப்படியே இருந்தது. ஒரு சொட்டுகூட வழியவில்லை.

அடுக்களை வாசலில் அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். அவளும் அதையே கண்டிருக்கிறாள். பின்கட்டு அறையிலிருந்து சித்தியின் குரல் வந்தது. இரண்டு மாதத்தில் அவள் பேசிய முதல் பேச்சு அது.

“நாளைக்கும் ஊதுவீங்களா?”

டூட்டி இல்லாத மத்தியானங்களில் எல்லாம் சித்தப்பா ஊதினார். ஒவ்வொரு தடவையும் சில வருஷங்கள் போயின. அவன் அரைஞாண் கயிறோடு ஓடினான். சிலேட்டைத் தூக்கிக்கொண்டு பள்ளிக்கூடம் போனான். நானும் அவனும் துண்டை விரித்து ஆற்றில் அயிரை மீன் பிடித்தோம். அக்கா, அக்கா என்று காலையே சுற்றி வந்தவன், நான்காவது மத்தியானம் என்னைவிட உயரமாகிவிட்டான். ஆஸ்பத்திரியில் நன்றாகக் கவனித்துக்கொள்கிறார்கள்போல என்று நினைத்துக்கொண்டேன். சித்தி எழுந்து உட்கார ஆரம்பித்திருந்தாள். தட்டில் சோறு மிஞ்சுவதில்லை.

ஊதி முடித்ததும் சித்தப்பா நேரே என்னிடம்தான் வருவார்.

“ஏட்டி, இன்னைக்கு எவ்வளவு வளந்திருக்கான்? நல்லாப் பேசுதானா?”

எனக்கு அது விளையாட்டு. சொல்ல மாட்டேன் என்று ஓடுவேன். அவர் துரத்தமாட்டார். அப்படியே நின்று பார்த்துக்கொண்டிருப்பார். ஒருதரம் அவராகவே சொன்னார்.

“நான் ஊதும்போது முத்தத்துத் தண்ணிக் குழாய்ல இருந்து விழுத சொட்டு பாதியிலயே நிக்கிட்டி. காக்கா ரெக்கைய விரிச்சது விரிச்சபடி அந்தரத்துல நிக்கி. நான் ஒருத்தன்தான் முழிச்சிக்கிட்டு இருக்கேன்.”

நான் வாயைப் பிளந்து கேட்டேன். அந்தக் காக்காயைப் பார்க்க எனக்குக் கொடுத்துவைக்கவில்லையே என்று பொறாமையாகக்கூட இருந்தது.

ஏழாவது மத்தியானம் கனவில் பஸ் ஸ்டாண்டு வந்தது. அவனுக்கு மீசை முளைத்திருந்தது. கையில் பெட்டி. சித்தி அவன் சட்டைக் காலரைச் சரிசெய்தாள். குனிந்து அவள் காலைத் தொட்டு, “போயிட்டு வாரேம்மா” என்றான். சித்தி அழவில்லை. “சரிய்யா, பாத்துப் போ” என்றாள். பஸ் கண்ணுக்கு மறையும்வரை கையசைத்தாள்.

விழித்ததும் சித்தி நேரே கிணற்றடிக்குப் போய்த் தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டாள். ஈரத்தலையோடு வந்து சித்தப்பாவின் முன்னால் நின்றாள்.

“போதுங்க. அவன் கெளம்பிட்டான். இனி ஊதாண்டாம்.”

சித்தப்பா தலையாட்டினார். அடுத்த டூட்டிக்குக் குழலை எடுத்துக்கொண்டு போனவர், வெறுங்கையோடு திரும்பினார். வீட்டில் ஒருவரும் அதைப் பற்றிக் கேட்கவில்லை. சித்தி அடுக்களையில் அம்மாவோடு வாய்விட்டுப் பேச ஆரம்பித்திருந்தாள்.

விளையாட்டுத் தோழன் போய்விட்ட கோபம் எனக்கு. யாரோடும் பேசாமல் கொல்லையில் உட்கார்ந்திருந்தேன். சித்தப்பா காக்கிச் சட்டையோடு வந்து பக்கத்தில் குந்தினார். சித்தி காதில் விழுந்துவிடக் கூடாதே என்பதுபோலப் பைய கேட்டார்.

“ஏட்டி, பெரியவனானப்போ அவன் மூக்கு யாரு மாதிரி இருந்துச்சு?”

“நான் பாக்கல, போங்க” என்றேன்.

அவர் “சரிட்டி” என்று என் தலையைத் தடவிவிட்டு, தோல் பையை மாட்டிக்கொண்டு டூட்டிக்குப் போய்விட்டார்.

நான் பார்த்திருந்தேன். நுனியில் லேசாகப் பிளந்தாற்போன்ற மூக்கு, அச்சு அசல் அவருடையதுதான். ஊதுகிற ஒருவருக்கு மட்டும் தூக்கம் வரவில்லை என்று அவரே என்னிடம் சொல்லியிருந்தார். அதனால் அந்த வீட்டில் அவன் வளர்ந்ததைப் பார்க்காதவர் அவர் ஒருவர்தான் என்பது, ஒன்பது வயதில் எனக்குத் தெரியவில்லை.